பிடோக்கிலிருந்து தேக்கா வழியாக மேமோகிராம் அறை வரை

சிங்கப்பூர் போய்விட்டு வந்து எட்டு மாதம் ஆகிறது. "என்ன டீச்சர், இன்னும் எழுதலையா?" என்று கேட்காத ஆள் இல்லை. முடிவு தெரியாமல் எழுத எனக்கு மனசு வரவில்லை, அதுதான் காரணம். போன வாரம் தெரிந்துவிட்டது. கப்பலைத் தலையில் சுமக்கும் ஓட்டல், தண்ணீர் துப்பும் சிங்கம் இதெல்லாம் எதிர்பார்த்து வந்தவர்கள் மன்னிக்க வேண்டும். அந்தப் பக்கம் நான் எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

போனது மார்ச் மூன்றாவது வாரம். கூப்பிட்டது என் சித்தி மகள் கலா. கல்யாணமாகி அங்கே போனவள், கணக்கர் வேலை பார்க்கிறாள். ஓய்வு நேரத்தில் பிடோக் வட்டாரத்து வாடகை வீட்டுப் பெண்களின் உடல்நலத்துக்காக நான்கைந்து பேரைச் சேர்த்துக்கொண்டு ஒரு தொண்டூழியக் குழு நடத்துகிறாள். சிங்கப்பூரில் ஏழைகளா என்று கேட்பீர்கள். இருக்கிறார்கள். குறைந்த வருமானக் குடும்பங்களுக்கு அரசு வாடகைக்குக் கொடுக்கும் ஓரறை, ஈரறை வீடுகள் புளோக் புளோக்காக, அடுக்குமாடிக் கட்டடங்களாக நிற்கின்றன. அந்தப் பெண்கள் ஊரார் வீட்டையும் விமான நிலையத்தையும் ஓட்டல் தட்டையும் கழுவிவிட்டு வந்து, தங்கள் உடம்பைக் கடைசியாகத்தான் பார்ப்பார்கள். "முப்பது வருஷம் ஸ்கூல்ல விசில் ஊதுனியேக்கா, இங்க வந்து ஒரு வாரம் ஊது" என்றாள் கலா. நான் ஓய்வு பெற்ற உடற்பயிற்சி ஆசிரியை. விசில் என்றால் எனக்குக் கை பரபரக்கும்.

திருச்சியிலிருந்து நேரடி விமானம், நாலேகால் மணி நேரம். போக வர பத்தொன்பதாயிரத்து நானூறு ரூபாய். விசா முன்கூட்டியே எடுக்க வேண்டும். அது தவிர, வருகை அட்டை என்று ஒன்றை இணையத்தில் நிரப்ப வேண்டும், அதற்குக் காசு கிடையாது. காசு கேட்கும் தளத்தில் நிரப்பினால் நீங்கள் ஏமாந்துவிட்டீர்கள் என்று அர்த்தம். சாங்கி விமான நிலையத்தில் இறங்கி எம்ஆர்டி ரயிலைப் பிடித்து, எக்ஸ்போ நிலையத்தில் நீலப் பாதைக்கு மாறி, பிடோக் நார்த்தில் இறங்கினேன். இரண்டு வெள்ளிக்குள் முடிந்துவிட்டது. அங்கே டாலரை வெள்ளி என்றும் சென்ட்டைக் காசு என்றும்தான் நம் ஆட்கள் சொல்கிறார்கள். கேட்க எனக்குப் பிடித்திருந்தது.

செவ்வாய்க்கிழமை காலை புளோக்கின் கீழ்த்தளத்தில் முதல் வகுப்பு. சுவர் இல்லாத பெரிய கூடம், நல்ல காற்று. வந்த பெண்களில் ஒருவர் மட்டும் நான் சொல்வதற்கு முன்பே குனிந்து நிமிர்ந்தார். ஒல்லி உடம்பு, ஐம்பத்து நான்கு வயது, பெயர் முத்துலட்சுமி. விமான நிலையத்தில் துப்புரவு வேலை. "நாங்க தினமும் எத்தன டாய்லெட்டுக்குக் குனியிறோம் தெரியுமாக்கா? இதெல்லாம் ஒன்னும் இல்ல லா" என்று சிரித்தார். அந்த ஊரில் யார் பேசினாலும் கடைசியில் ஒரு 'லா' ஒட்டிக்கொள்கிறது. எனக்கு அவரை உடனே பிடித்துப்போனது.

அன்று மாலை கலா விஷயத்தைச் சொன்னாள். முத்துலட்சுமியின் இடது மார்பில் ஒரு கட்டி. தைப்பூசத்துக்கு முன்பே அவர் கையில் தட்டுப்பட்டிருக்கிறது. ரத்த அழுத்த மாத்திரை வாங்கப் பாலிகிளினிக் என்கிற அரசு மருத்துவ நிலையத்துக்குப் போனபோது மருத்துவர் தொட்டுப் பார்த்து, பெரிய மருத்துவமனையில் மேமோகிராம், அதாவது மார்பக எக்ஸ்ரே, எடுக்க எழுதிக் கொடுத்துவிட்டார். முத்துலட்சுமியும் ஒழுங்காகப் போனார். உடை மாற்றும் அறை வரை போய், அங்கிருந்து திரும்பி வந்துவிட்டார். ஏன் என்று கேட்டால் வாயைத் திறக்கவில்லை. கலாதான் மன்றாடி இரண்டாவது தேதி வாங்கியிருக்கிறாள். வியாழக்கிழமை காலை பத்தரை மணி.

"எனக்கு அன்னிக்கு ஆடிட், லீவே கெடைக்காது. நீ கூட்டிட்டுப் போக்கா. பயந்துட்டாங்க, அவ்ளோதான். உன் பேச்சக் கேப்பாங்க" என்றாள். பயத்தைப் போக்க என்று கலா படம் போட்டுப் பலமுறை விளக்கியிருக்கிறாள். வெட்கப்படாதீர்கள், வலி கொஞ்சம்தான், எடுப்பவரும் பெண்தான் என்றெல்லாம் சொல்லியிருக்கிறாள். பெண்கள் தலையாட்டி, வடை சாப்பிட்டு, வீட்டுக்குப் போய்விடுகிறார்கள். சனிக்கிழமை சமூக மன்ற வாசலுக்கு, உள்ளேயே படம் எடுக்கும் மேமோகிராம் பேருந்து வரப்போகிறது, அதற்கும் இந்தப் புளோக்கிலிருந்து மூன்றே மூன்று பேர்தான் பெயர் கொடுத்திருக்கிறார்கள். "என்னதான்க்கா பண்றது இவங்கள?" என்று அலுத்துக்கொண்டாள்.

புதன்கிழமை முத்துலட்சுமிக்கு விடுமுறை. "வாங்கக்கா, தேக்காவக் காட்டுறேன்" என்றார். தேக்கா என்றால் நாம் படங்களில் பார்க்கும் லிட்டில் இந்தியா. அங்கே வாழ்கிற தமிழர் யாரும் லிட்டில் இந்தியா என்று சொல்லி நான் கேட்கவில்லை. வரைபடத்தைப் பார்த்தேன், நீலப் பாதையிலேயே லிட்டில் இந்தியா நிலையம் இருக்கிறது. நேராக உட்கார்ந்து போகலாம் என்றேன். "அது ஊரெல்லாம் சுத்தும்க்கா, ஜாலான் புசார்ல எறங்கி நடந்துடலாம்" என்றார். நான் கேட்பேனா? உட்கார்ந்தோம். ரயில் தேக்காவுக்குப் பக்கத்தில் போய், அப்படியே திரும்பி, சைனாடவுன், கடற்கரைப் பக்கம் எல்லாம் சுற்றிக் காட்டிவிட்டுத்தான் கொண்டுபோய் விட்டது. பக்கத்தில் முத்துலட்சுமி நிம்மதியாகத் தூங்கிவிட்டார். தயவுசெய்து நீங்கள் ஜாலான் புசாரில் இறங்கிப் பத்துப் பதினைந்து நிமிடம் நடந்துவிடுங்கள்.

பஃபலோ ரோட்டில் காய்கறிக் கடைகள். வாழைப்பூ, முருங்கைக்காய், புடலங்காய் என்று எல்லாம் இருக்கிறது. விலையை ரூபாயில் கணக்குப் போட்டால் வயிறு எரியும், போடாதீர்கள். தேக்கா உணவங்காடியில் ஆளுக்கு ஒரு தே தாரிக் வாங்கி உட்கார்ந்தோம். ஆற்றி நுரை தள்ளிய பால் தேநீர், ஒரு வெள்ளி எண்பது காசு. சுற்றி வளைத்துப் பேச எனக்கு வராது. கேட்டே விட்டேன்.

"ஏன்மா, நாளைக்கு உடை மாத்துற ரூம் வரைக்கும் போவோம். அப்புறம் நீ ஓடிப்போயிட்டா நான் பின்னாடி துரத்திட்டு வரணுமா? எனக்கு முட்டி வலி."

முத்துலட்சுமி சிரிக்கவில்லை. குவளையை மேசையில் வைத்தார்.

"நீங்க திங்கக்கெழம ஊருக்குப் போயிடுவீங்க. அதனாலதான் சொல்றேன், கலாகிட்ட சொல்லாதீங்க. பயமெல்லாம் ஒன்னும் இல்லக்கா. கழுத்துல இருக்குறதயெல்லாம் கழட்டி லாக்கர்ல வச்சுப் பூட்டிட்டு வான்னு சொல்லுச்சு அங்க இருந்த பொண்ணு. இதையுந்தான்." கழுத்துச் சங்கிலியைப் பிடித்துக் காட்டினார். தாலி. "அன்னிக்கும் புதன்கிழம. அவரு டயாலிசிஸ்ல இருக்காரு. ரத்தம் பூரா மிஷினுக்குப் போயிட்டு வந்துட்டு இருக்கு. அந்த நேரத்துல நான் தாலியக் கழட்டி லாக்கர்ல பூட்டுறதாக்கா? நீங்களே சொல்லுங்க. எனக்குக் கை வரல லா."

அவர் கணவர் ராஜேந்திரன் லாரி ஓட்டியவர். இரண்டு சிறுநீரகமும் போய், வாரம் மூன்று நாள் ரத்தச் சுத்திகரிப்பு. அது கலா சொல்லி எனக்குத் தெரியும். ஆனால் இதையும் அதையும் நான் சேர்த்துப் பார்க்கவில்லை. கலாவும் பார்க்கவில்லை. அவள் தாலிச் சங்கிலியை வங்கிப் பெட்டகத்தில் வைத்துப் பல வருடம் ஆகிறது, அவளுக்கு எப்படித் தோன்றும்? வெட்கம், வலி, பயம் என்று எல்லாவற்றுக்கும் படம் போட்டவள் இதற்குப் போடவில்லை.

"புளோக்குல மத்தவங்களும் இதனாலதானா வரல?" என்றேன்.

"பின்ன? யாரு வெளிய சொல்லுவா? சொன்னா படிக்காதவங்கன்னு நெனைப்பாங்க."

எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை. உயிர் போகிற விஷயத்துக்கும் இந்தப் பெண்ணுக்கும் நடுவில் ஒரு சங்கிலியா! ஆனால் அதைக் கழற்று என்று சொல்லவும் எனக்கு வாய் வரவில்லை. அப்போதுதான் என் கர்ப்பப்பை அறுவைச் சிகிச்சை ஞாபகம் வந்தது. திருச்சியில், அறுவைக்கூடத்துக்குள் போகும் முன் நர்ஸம்மா தாலியைக் கழற்றச் சொன்னார். நான் முழிப்பதற்குள் என் வீட்டுக்காரரைக் கூப்பிட்டு, மஞ்சள் துண்டு கோத்த கயிற்றை அவர் கையில் கொடுத்து, என் மணிக்கட்டில் கட்டச் சொன்னார். கட்டியாயிற்று, சங்கிலி வெளியே வந்தாயிற்று, ஒரு வாக்குவாதம் இல்லை. நம் ஊர் ஆஸ்பத்திரிகளில் தினம் நடக்கிற காரியம்.

"அட, இதுக்கா இவ்ளோ! எந்திரிம்மா" என்று முத்துலட்சுமியைக் கிளப்பினேன்.

சிராங்கூன் சாலையில் பூசைச் சாமான் கடைகள் வரிசையாக இருக்கின்றன. மஞ்சள் கயிறும் விரலி மஞ்சளும் கேட்டதும் கடைக்காரம்மா, "கல்யாணமா? நூல் நல்லா முறுக்கினது இருக்கு" என்றார். "கல்யாணம் இல்ல, ஆஸ்பத்திரி" என்றேன். அவர் மேலே எதுவும் கேட்கவில்லை. மஞ்சளை ஓட்டை போட்டுக் கோத்தே கொடுத்துவிட்டார்.

வெளியே வந்ததும் முத்துலட்சுமி நின்றுவிட்டார். "அக்கா, இத யாரு கட்டுறது?"

"உன் வீட்டுக்காரர்தான்."

"அப்ப அவருக்குச் சொல்லணுமே." அப்போதுதான் எனக்குத் தெரிந்தது, கட்டி விஷயம் ராஜேந்திரனுக்கு இன்னும் தெரியாது. அவருக்கே அவ்வளவு கஷ்டம், இதில் இது வேறா என்று இரண்டு மாதமாக மறைத்து வைத்திருக்கிறார். கயிறு வாங்கிய சுலபத்தில் காரியம் முடிந்தது என்று நினைத்த எனக்கு, உண்மையான கதவு இப்போதுதான் எதிரே தெரிந்தது.

திரும்பும்போது ஜாலான் புசார் வரை நடந்தோம். இந்தமுறை நான் வரைபடத்தை எடுக்கவில்லை. மாலை ஆறு மணிக்கு அவர்கள் வீட்டில் இருந்தோம். ஒரே அறை, ஒரு கட்டில், ஒரு மடக்கு மேசை, துடைத்து வைத்த தரை. ராஜேந்திரன் சிகிச்சை முடிந்து களைத்துப் படுத்திருந்தார். கையில் பஞ்சு ஒட்டியிருந்தது. நான் வாசலிலேயே நழுவப் பார்த்தேன். முத்துலட்சுமி என் முந்தானையைப் பிடித்துக்கொண்டார். "இருங்கக்கா. நான் பாதியில நிறுத்திட்டா நீங்க சொல்லுங்க."

அவர் நிறுத்தவே இல்லை. ஒரே மூச்சில் சொல்லி முடித்தார். தைப்பூசம், பாலிகிளினிக், லாக்கர், எல்லாம். ராஜேந்திரன் மெதுவாக எழுந்து உட்கார்ந்தார்.

"ரெண்டு மாசமாவா? ரெண்டு மாசமா என் பக்கத்துல படுத்துட்டுச் சொல்லலயா நீ?"

"உங்களுக்கே முடியல..."

"எனக்கு முடியலன்னா? எனக்கு மிஷின் இருக்கு, நர்ஸ் இருக்கு. எனக்கு நீ இருக்கே. உனக்குன்னு யாருடி இருக்கா, நான்தானே?" கோபமாகத்தான் அழுதார். "எனக்காகத்தானே அதக் கழுத்துல போட்டிருக்கே? நான் சொல்றேன், கழட்டு. நீ போய்ட்டா நான் இருந்து என்ன பண்ணப் போறேன்?"

நான் சன்னல் பக்கம் திரும்பிக்கொண்டேன். எனக்கும் மூக்கு ஒழுகியது, என்ன செய்ய.

வியாழக்கிழமை காலை எட்டரைக்குப் போனேன். இருவரும் குளித்து, சாமி படத்துக்கு முன்னால் நின்றிருந்தார்கள். டயாலிசிஸ் ஊசி போடும் கை என்பதால் ராஜேந்திரனுக்கு விரல் கொஞ்சம் மரத்துப்போகுமாம். மூன்று முடிச்சு போடுவதற்குள் இரண்டு முறை நழுவியது. "மொத தடவ கட்டுனப்பவும் இப்படித்தான் நடுங்குச்சு, அப்ப மிஷின் கூடக் கெடயாது" என்றார் முத்துலட்சுமி. அதற்குப் பிறகுதான் சங்கிலியைக் கழற்றி அவர் கையில் கொடுத்தார். அவர் அதைச் சட்டைப்பையில் போட்டுப் பொத்தானையும் மாட்டினார். வீட்டில் இருங்கள் என்று நாங்கள் சொன்னதைக் கேட்கவில்லை, கூடவே பேருந்தில் ஏறிவிட்டார்.

மருத்துவமனையில் பெயரைக் கூப்பிட்டதும் மூன்று பேரும் எழுந்து நின்றோம். படம் எடுக்கும் சீனப் பெண் எங்களைப் பார்த்து, "ஒன் ஒன்லி!" என்றாள். அவள் முத்துலட்சுமியின் மணிக்கட்டைப் பார்த்ததும், இதையும் கழற்றச் சொல்வாளோ என்று நான் ஓரடி முன்னால் போனேன். "மெட்டல்?" என்று கேட்டாள். இல்லை என்றேன். "நோ மெட்டல், நோ ப்ராப்ளம்" என்று கதவைத் திறந்துவிட்டாள். அவ்வளவுதான்! இத்தனை மாதம் ஆட்டிவைத்த விஷயம் அவளுக்கு நான்கு வார்த்தையில் தீர்ந்துவிட்டது.

முத்துலட்சுமி உள்ளே போனார். கதவு மூடியது. நானும் ராஜேந்திரனும் அந்தக் கதவையே பார்த்துக்கொண்டிருந்தோம். அது மறுபடி திறந்து அவர் ஓடிவரவில்லை. மேமோகிராம், ஸ்கேன், ஊசியில் சதை எடுத்தது என்று எல்லாம் அன்றே முடிந்தது. வெளியே வந்தவர், "சப்பாத்திக் கட்டையில வச்சு அமுக்குன மாதிரி இருந்துச்சுக்கா. உசுரு போகல" என்றார். எனக்கு அங்கேயே விசில் ஊதவேண்டும் போல இருந்தது. ஆஸ்பத்திரி என்பதால் அடக்கிக்கொண்டேன்.

கலாவிடம் சொல்லாதீர்கள் என்றவர், அன்று மாலை கலா வருவதற்குள் தானே புளோக் முழுக்கச் சொல்லிவிட்டார். மின்தூக்கி வாசலில், துணி காயப்போடும் இடத்தில், எங்கே பார்த்தாலும் கையைத் தூக்கிக் காட்டுகிறார். கலா விவரம் கேட்டுத் தலையில் அடித்துக்கொண்டாள். பிறகு என்னைக் கட்டிக்கொண்டு, "சனிக்கெழம பஸ்ஸுக்கு எல்லாருக்கும் கயிறு வாங்கிட்டு வந்துடுக்கா" என்றாள். வெள்ளிக்கிழமை மறுபடி தேக்கா. கடைக்காரம்மா இந்தமுறை, "இன்னிக்கும் ஆஸ்பத்திரியா?" என்று கேட்டு, மொத்தமாகக் கோத்துத் தந்தார்.

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்குச் சமூக மன்ற வாசலைப் பார்த்திருக்க வேண்டும் நீங்கள். புளோக்குப் பெண்கள் வரிசையாக, கல்யாணத்துக்குப் போவதுபோல் உடுத்தி, மணிக்கட்டில் மஞ்சள் கயிறோடு. இரவு வேலை முடிந்து வந்த கணவன்மார் கொட்டாவி விட்டுக்கொண்டே கட்டியிருக்கிறார்கள். மூன்றாம் மாடி சரோஜா, "எனக்கு அந்தத் தொல்லையே இல்ல, அவரு போயி வருசமாச்சு. நகருங்க, நான்தான் ஃபர்ஸ்ட்" என்று முன்னால் வந்து நின்றார். பேருந்தில் இருந்த மலாய்த் தாதி, "எல்லாரும் ஒரே கைச்சங்கிலி போட்டிருக்கீங்களே, ஒரே குரூப்பா?" என்று கேட்டாராம். ஆமாம் என்று சொல்லிவிட்டார்கள்.

ஒரு கூத்தும் நடந்தது. மேமோகிராமுக்குப் போகும்போது கழுத்திலும் அக்குளிலும் பவுடர் போடக்கூடாது, படத்தில் புள்ளி புள்ளியாக விழும். கலா ஆயிரம் முறை சொல்லியிருக்கிறாள். நம் பெண்கள் குளித்துவிட்டுப் பவுடர் போடாமல் வாசல் தாண்டுவார்களா? அத்தனை பேரும் மணக்க மணக்க வந்து நின்றார்கள். நான் விசிலை ஊதி எல்லோரையும் கழிவறைக்குத் துரத்தி, ஈரத் துணியால் துடைக்கவைத்தேன். அந்த வாரத்தில் நான் எடுத்த ஒரே உருப்படியான உடற்பயிற்சி வகுப்பு அதுதான். அன்று பேருந்தில் இருந்த இடம் தீர்ந்து, மிச்சப் பேருக்கு அடுத்த தேதி கொடுக்க வேண்டியதாயிற்று.

திங்கட்கிழமை நான் கிளம்பிவிட்டேன். அடுத்த வாரம் முத்துலட்சுமியின் முடிவு வந்தது. புற்றுநோய்தான். ஆனால் சிறியது, பரவவில்லை, சீக்கிரம் வந்துவிட்டீர்கள் என்றாராம் மருத்துவர். கட்டியை மட்டும் எடுத்தார்கள். அதற்கும் கையில் கயிறுதான். பிறகு கதிர்வீச்சு. வாரத்தில் ஐந்து நாள், எம்ஆர்டியில் தனியாகவே போய் வந்தார். களைப்பு, தோல் கருத்தது, அழுகை எல்லாம் இருந்தது, இல்லை என்று சொல்லமாட்டேன். இடையில் மேமோகிராம் பேருந்து மறுபடி வந்தது, இந்தமுறை இரண்டு நாள். கலா விளக்கப் படங்களை மூட்டை கட்டிவிட்டாள். ஒலிவாங்கியை முத்துலட்சுமியிடம் கொடுத்துவிடுகிறாளாம்.

போக நினைப்பவர்களுக்கும், தங்கள் தெருப் பெண்களை இப்படி அழைத்துப்போக நினைப்பவர்களுக்கும் சில வார்த்தைகள். தேக்காவுக்கு ஞாயிறு மாலை போகாதீர்கள், கால் வைக்க இடம் இருக்காது. நம் வங்கி அட்டையைத் தட்டி ரயிலில் போகலாம், தனிக் கட்டணம் பிடிக்கும், நாலைந்து நாள் இருப்பதென்றால் பயண அட்டை வாங்கிவிடுங்கள். மேமோகிராமுக்கு மேல்சட்டை தனியாக இருக்கிற உடை வசதி. கட்டி தட்டுப்பட்டால் பேருந்துக்குக் காத்திருக்காதீர்கள், நேராக மருத்துவரிடம் போங்கள். எல்லாவற்றுக்கும் மேலாக, ஒரு பெண் வரமாட்டேன் என்றால் பயந்துவிட்டாள் என்று நீங்களாக முடிவு கட்டாதீர்கள். ஒரு தே தாரிக் வாங்கிக் கொடுத்துக் கேளுங்கள். அவள் சொல்வதைக் கேட்டுச் சிரிக்காதீர்கள். என்ன வேண்டுமோ அதை வாங்கிக் கொடுத்து, கூடப் போங்கள்.

போன வாரம் கதிர்வீச்சுக்குப் பிந்தைய பரிசோதனை. மாலையில் தொலைபேசி அடித்தது, ராஜேந்திரன். "அக்கா, வீட்டுல ரெண்டு பேஷண்ட்டு. யாரு கோப்பி கலக்குறதுன்னு தெனம் சண்ட. நீங்கதான் தீர்ப்பு சொல்லணும்" என்றார். ரெண்டு பேஷண்ட்டா? டாக்டர் என்ன சொன்னார் என்று கேட்க வாயெடுத்தேன். அதற்குள் பின்னாலிருந்து முத்துலட்சுமியின் குரல்.

"ரெண்டு இல்ல லா, ஒன்னுதான்! டாக்டர் இன்னிக்குச் சொல்லிட்டாங்க, எனக்கு ஒன்னும் இல்ல, ஆறு மாசம் கழிச்சு வந்தாப் போதும்னு. நான் இப்ப பேஷண்ட்டு இல்ல. நானே கலக்குறேன், தள்ளுங்க!"